சிவப்புத் தகடு

தகட்டை அடித்ததைக்கூட அந்தோனிமுத்து ஒருவேளை பொறுத்துக்கொண்டிருப்பார். அதைக் கோணலாக அடித்ததுதான் அவருக்குப் பொறுக்கவில்லை.

கேட் பலாமரத்தால் ஆனது. பன்வில பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் பெரிய கிளாக்கராக இருந்து ஓய்வு பெற்றபோது கிடைத்த காசில் அவர் செய்வித்தது. தோட்டத் தொழிலாளர் லயத்தில் பிறந்த ஒருவர் கண்டி நகர எல்லைக்குள், வத்தேகமவுக்குப் போகும் வீதியிலிருந்து பிரியும் ஒழுங்கையில் வீடு கட்டி, தன் பெயரைப் பித்தளையில் வெட்டிக் கேட்டில் பதிப்பதென்றால் அது சும்மா காரியமல்ல. அந்தப் பித்தளையைச் சனிக்கிழமை தோறும் புளி போட்டு அவரே துலக்குவார். இப்போது அதற்கு ஒரு சாண் கீழே, இடது பக்கம் தாழ்ந்து, ஒரு சிவப்புத் தகரத் தகடு. மூன்று மொழியிலும் எழுதியிருந்தது. தமிழ் வழக்கம்போல் கடைசியில், சிறிதாக, ஆனால் வாசிக்கக்கூடியதாக இருந்தது: ‘கழிவை மறைக்கும் இல்லம்.’

குப்பை அள்ளும் டிரக்டரின் மேற்பார்வையாளன் றொட்னி, பச்சை மேலங்கியோடு, சுத்தியலை இடுப்பில் செருகிக்கொண்டிருந்தான்.

“என்னா தம்பி இது?”

“தகடுங்க ஐயா.”

“தகடுன்னு தெரியுது. எதுக்கு?”

“நீங்க குப்ப போடுறதில்லீங்களே.”

“எங்க வீட்டுல குப்ப இல்ல.”

றொட்னி அவரை இரக்கத்தோடு பார்த்தான். தனக்கு ஒரு சுகவீனமும் இல்லை என்று சாதிக்கும் நோயாளியை டாக்டர் பார்ப்பது போல. “எல்லாருமே மொதல்ல அப்பிடித்தாங்க ஐயா சொல்றாங்க” என்றான்.

சில மாதங்களுக்கு முன் அந்தப் பகுதிக் குப்பை, ‘பசுங்குன்று கழிவு முகாமைத்துவ நிறுவனம்’ என்ற கம்பெனிக்குக் குத்தகைக்குப் போயிருந்தது. அள்ளிய குப்பை தராசில் ஏறும். தொன்னுக்கு இவ்வளவு என்று கம்பெனிக்குக் காசு வரும். ஊர் சுத்தமாக இருக்க வேண்டும் என்று ஒப்பந்தத்தில் எங்கும் எழுதவில்லை. குப்பை கனமாக இருக்க வேண்டும் என்பது எழுதாமலே விளங்கியது. ஆகவே நிறையத் தரும் வீட்டுக்குப் பச்சைத் தகடு, கொஞ்சம் தரும் வீட்டுக்கு மஞ்சள், ஒன்றும் தராத வீட்டுக்குச் சிவப்பு. அந்த ஒழுங்கையில் சிவப்பு ஒன்றே ஒன்றுதான்.

அந்தோனிமுத்து பொய் சொல்லவில்லை. அந்த வீட்டில் உண்மையாகவே குப்பை இல்லை. மரக்கறித் தோல் வாழையடிக் குழிக்குப் போகும். தேயிலைச் சக்கை ரோஜாவுக்கு. சிரட்டை அடுப்புக்கு. மீன் முள் பூனைக்கு. போத்தலும் பழைய பேப்பரும் அவற்றை வாங்க வரும் ஆளுக்கு. கிழிந்த சாரம் துடைக்கும் துணியாகும். துடைக்கும் துணி கால்மிதியாகும். கால்மிதி நாய்க்குப் படுக்கையாகும். லயத்தில் ஒற்றை அறைக் காம்பராவுக்குள் வாழ்ந்து வந்த குடும்பத்துக்கு எறிவதற்கு இடமும் இருந்ததில்லை, பொருளும் இருந்ததில்லை. அந்தப் பழக்கத்தைத்தான் அவர் குடும்ப கௌரவம் என்று சொல்லி வந்தார். மகள் அனற் சின்ன வயதில் ஒரு பென்சில் கட்டையை ஜன்னலால் எறிந்துவிட்டாள் என்று, டோர்ச் லைட்டைக் கையில் கொடுத்துத் தேடி எடுக்க வைத்தவர்.

அனற் இப்போது வங்கியில் வேலை செய்கிறாள். முப்பது தாண்டிவிட்டது. வந்த சம்பந்தங்கள் ஒவ்வொன்றாக விலகிப் போயின. ஒரு மாப்பிள்ளை வீட்டார் சொன்ன நேரத்துக்குப் பிந்தி வந்தார்கள் என்பதற்காக, தேநீர் மட்டும் கொடுத்து, கேட்டுவரை கூடப் போய் வழியனுப்பிவிட்டு வந்தவர் அந்தோனிமுத்து.

மனைவி பெற்றீசியா கேட்டடிக்கு வந்து தகட்டைப் பார்த்தாள்.

“அடுத்த மாசம் மொத ஞாயித்துக்கெழம கடுகண்ணாவைலருந்து பொண்ணு பாக்க வாராங்க. கேட்டுல இத மாட்டிக்கிட்டு எப்பிடிங்க அவங்கள உள்ள கூப்புடுறது?”

“கழட்டிருவோம்.”

“கழட்டுனா தண்டமாம். றொட்னி சொல்லிட்டுப் போறான்.”

“நானா கழட்ட மாட்டேன். அடிச்சவங்களே வந்து கழட்டணும். அதுதான் மொற.”

“மொற பாத்துப் பாத்துத்தான் மக வீட்டோட இருக்கா” என்றாள் பெற்றீசியா. அவர் காதில் அது விழாதது போல உள்ளே போய்ச் சட்டையை ஸ்திரி பண்ணத் தொடங்கினார்.

கம்பெனியின் தலைமை அலுவலகம் நகரத்தில், வாவியைப் பார்த்தபடி, மூன்றாம் மாடியில் இருந்தது. லிஃப்ட் திருத்தத்தில் இருந்தது. படியேறி மேலே போனபோது அந்தோனிமுத்துவின் முழங்கால்கள் இரண்டும் அவரோடு கோபமாயிருந்தன. உள்ளே மல்லிகை வாசம். கண்ணாடித் தொட்டியில் மீன்கள். சுவரில் மேல்நோக்கிப் போகும் ஒரு சிவப்புக் கோடு. அதன் கீழே, ‘இன்றைய குப்பை, நாளைய வளம்.’

வாசலில் இருந்த பெட்டியிலிருந்து இலக்கம் போட்ட ஒரு துண்டுக் கடுதாசியை இழுத்துக்கொண்டு உட்கார்ந்தார். நெடுநேரம் கழித்து இலக்கத்தைக் கூப்பிட்டார்கள். எழுந்தவர், வேலை முடிந்த துண்டை என்ன செய்வதென்று சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, மேசையில் இருந்த நிரோஷினி என்ற பிள்ளையிடம் கேட்டார்.

“மகள், இதப் போட ஒரு குப்பக் கூட இருக்குங்களா?”

“இங்க குப்பைத் தொட்டி இல்ல அங்கிள்” என்றாள் நிரோஷினி, சற்று மனம் நொந்தவளாக. “இது ஹெட் ஒஃபிஸ்.”

அந்தோனிமுத்து துண்டை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

அவரை அனுப்பியது வருமானப் பாதுகாப்பு முகாமையாளரின் அறைக்கு. பெயர் சஞ்சயன். யாழ்ப்பாணத்துப் பிள்ளை, கழுத்துப்பட்டி கட்டியவர், நல்ல மரியாதை. எழுந்து நின்று கதிரையைக் காட்டினார்.

“இருங்கோ ஐயா. தேத்தண்ணி குடியுங்கோவன்.”

தேநீர் கடுதாசிக் குவளையில் வந்தது. கூடவே பிளாஸ்டிக் மூடி, சீனிப் பொட்டலம், பால்மாப் பொட்டலம், கலக்க ஒரு பிளாஸ்டிக் குச்சி, இவற்றையெல்லாம் சுற்றிய ஒரு மெல்லிய உறை. சஞ்சயன் அவற்றை மேசையில் பரப்பி, பெற்ற பிள்ளைகளைக் காட்டுவது போலக் காட்டினார்.

“பாத்தியளோ ஐயா? ஒரு தேத்தண்ணி. அதிலையே எவ்வளவு வருது எண்டு பாருங்கோ. மனமிருந்தால் எல்லாம் ஏலும்.”

“தம்பி, என் வீட்டு கேட்டுல ஒரு தகடு அடிச்சிருக்காங்க.”

“ஓம், தெரியும். உங்கட வீட்டைப் பற்றி எங்கட மாதக் கூட்டத்திலையே கதைச்சது.” அவர் குரலைத் தாழ்த்தினார். “ஐயா, நீங்கள் நினைக்கிறியள் நாங்கள் குப்பை அள்ளுறம் எண்டு. இல்லை. நாங்கள் நிறை விக்கிறம். உங்கட ஒழுங்கையிலை இத்தினை வீடு இருக்கு, வீட்டுக்கு இவ்வளவு வரும் எண்டு வங்கிக்குக் காட்டித்தான் டிரக்டர் எடுத்தது. இப்ப நீங்கள் அதை வாழையடியிலை தாட்டால், அதுக்குப் பேர் என்ன?”

“எருப் பசளைங்க.”

“கசிவு. வருமானக் கசிவு.”

அந்தோனிமுத்து குவளையை மேசையில் வைத்தார். கிளாக்கர் வேலையில் அவர் பல துரைமாரைக் கண்டவர். ஆனாலும் இது புதிது.

“அப்ப எல்லா வீடும் எங்க வீடு மாதிரி இருந்தா, ஊரு சுத்தமா இருக்குமே தம்பி.”

“அதுதான் ஐயா எங்களுக்கு இரவிலை நித்திரை வராமல் இருக்கிறதுக்குக் காரணம்” என்றார் சஞ்சயன். “ஊர் சுத்தமாய்ப் போனால் சுத்தப்படுத்திறவன் என்ன செய்யிறது? எங்களை நம்பி எத்தினை குடும்பம் இருக்கு! அதுக்காக நாங்கள் குப்பையைக் குறைக்கப் பாடுபடுறேல்லை எண்டு நினையாதேங்கோ. குறைக்கிறதுக்கும் ஒரு திட்டம் இருக்கு, வெளிநாட்டு உதவியோடை. ஆனால் அந்தத் திட்டம் தொடங்கவும் முதல்லை குப்பை கூட வேணும். இல்லாட்டி எதைக் குறைக்கிறது?”

அவர் சொன்னதில் எங்கே பிழை என்று அந்தோனிமுத்துவால் கண்டுபிடிக்க முடியவில்லை. களைப்பாக இருந்தது. தகட்டைக் கழற்ற என்ன வழி என்று மட்டும் கேட்டார்.

வழி சுலபம் என்றார் சஞ்சயன். முதலில் அதிகாரிகள் வந்து வீட்டைத் தணிக்கை செய்வார்கள். பிறகு டிரக்டர் வரும் நாட்களில் தொடர்ந்து நல்ல நிறை கொடுத்தால் பச்சைத் தகடு. வட்டாரத்திலேயே அதிகம் கொடுத்தால் தங்கத் தகடு.

வீட்டுக்கு வந்ததும் அந்தோனிமுத்து சட்டைப் பையிலிருந்து இலக்கத் துண்டை எடுத்து, பின்பக்கம் வெறுமையாக இருப்பதைக் கண்டு, பெற்றீசியாவிடம் கொடுத்தார். அவள் அதில் கடைச் சாமான் எழுதிக்கொண்டாள்.

தணிக்கைக்கு நிரோஷினி வந்தாள். கூட இரண்டு பேர், ஒரு தொங்கு தராசு. கையுறை போட்டுக்கொண்டு வீட்டைச் சுற்றி வந்தார்கள். வாழையடிக் குழியை மண்வெட்டியால் கிளறி, படம் எடுத்தார்கள்.

“அங்கிள், இது அனுமதியில்லாத களஞ்சியம்.”

“குழிம்மா.”

“எங்கட பாஷையில களஞ்சியம். மீன் முள் எங்க போடுவீங்க?”

“பூனைக்கு.”

“பூனை எங்க?”

மதிலின் மேல் படுத்திருந்த பூனை, தன்னைப் பற்றித்தான் பேச்சு என்று தெரிந்தும் கண்ணைத் திறக்கவில்லை. நிரோஷினி அதையும் படம் எடுத்தாள். ‘தனியார் சேகரிப்பாளர், பதிவில்லை’ என்று கூட வந்தவரிடம் சொல்லி எழுத வைத்தாள்.

பிறகு குசினிக்குப் போய் பெற்றீசியாவுக்கு ஆலோசனை சொன்னாள். அது கம்பெனியின் இலவச சேவை. “ஆன்ட்டி, தேங்காய முழுசா வாங்காம பால் பெட்டில வாங்குங்க. வெங்காயம் உரிச்சதே பெக்கட்ல வருது. சோறு கட்டுறதுக்கு வாழையில வேணாம், லன்ச் ஷீட் இருக்குத்தானே? ஒரு மாசத்தில நல்ல முன்னேற்றம் தெரியும்.”

“எங்க மாமியார் இருந்திருந்தா ஒனக்கு இந்த ஆப்பைய எடுத்து ஓங்கியிருப்பாங்க மகள்” என்றாள் பெற்றீசியா. “நான் தேத்தண்ணி ஊத்துறேன். குடிச்சிட்டுப் போ.”

அவர்கள் குடித்தார்கள். போகும்போது தேயிலைச் சக்கையையும் நிறுத்தார்கள்.

அன்றிலிருந்து அந்த வீட்டில் குப்பை உண்டாக்கும் முயற்சி தொடங்கியது. எல்லாவற்றையும் பெக்கட்டில் வாங்கினார்கள். ஒரு கிழமை முழுவதும் பாடுபட்டு ஒரு பை நிறைந்தது. அந்தோனிமுத்து அதை இரண்டு கையாலும் ஏந்தி, கோயிலில் காணிக்கை கொண்டுபோகிறவர் போலக் கேட்டடிக்குக் கொண்டுபோனார். றொட்னி ஒற்றை விரலால் தூக்கிப் பார்த்தான்.

“ஐயா, இது காத்து.”

“பை நெறைய இருக்கே தம்பி.”

“பொலித்தீன்ல நிறை ஏறாதுங்க. எல்லா வீட்டுலயும் எப்பிடிக் குடுக்குறாங்கன்னு பாக்குறதில்லையா நீங்க? ரா முழுக்க மழையில வச்சி, நனச்சித் தாராங்க. அதவிட நல்லது தம்பிலிக் கோம்ப, செவ்வெளனி குடிச்சிட்டுப் போடுற கூடு. ஒரு மூட்ட போட்டா டிரக்டரே கூனிரும்.”

ஒரு மேற்பார்வையாளன் தொழில் ரகசியத்தை இப்படிச் சொல்லியிருக்கக் கூடாதுதான். ஆனால் றொட்னியின் சம்பளமும் நிறையைப் பொறுத்துத்தான் இருந்தது.

தம்பிலி விற்கும் கடை சந்தியில். ஸெய்னுலாப்தீன் நானாவின் கடை. அந்தோனிமுத்து அங்கே எத்தனையோ வருடமாகச் சாமான் வாங்குகிறார். ஒரு நாளும் கடன் சொன்னதில்லை, ஒரு நாளும் எதையும் இலவசமாகக் கேட்டதுமில்லை. அன்றைக்கு ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிந்து, கோட்டைக்கூடக் கழற்றாமல் போய், கடை வாசலில் சற்று நேரம் வெற்றிலையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

“வாங்க கிளாக்கர். என்ன வேணும்?”

“நானா... கொஞ்சம் கோம்ப கெடைக்குமான்னு...”

ஸெய்னுலாப்தீன் நானா தலையில் கை வைத்தார். “அல்லாஹ்! நீங்களுமா? எல்லாம் புக் பண்ணி ஈக்குது கிளாக்கர். டாக்டர் வூட்டுக்கு ரெண்டு மூட்ட. லோயர் வூட்டுக்கு மூணு. நேத்து ஒரு மிஸ் வந்து அழுறா, புள்ளைக்கு ஸ்கூல் எடுக்கணுமாம், பச்சத் தகடு ஈந்தா நல்லமாம். தம்பிலிய விட இப்ப கோம்பைக்குத்தான் கிராக்கி. தண்ணிய ஊத்திட்டு கோம்பைய மட்டும் விக்கச் சென்னாலும் செல்லுவானுகள்.”

அந்தோனிமுத்து திரும்பினார். அந்த முதுகு அப்படி வளைந்ததை நானா இதற்கு முன் கண்டதில்லை.

“நில்லுங்க கிளாக்கர். மகள்ட விஷயமா?”

“அடுத்த ஞாயித்துக்கெழம வாராங்க நானா.”

“அப்ப அத மொதல்ல செல்ல வேணாமா? லோயர்ட மூணுல ஒண்டு தாரன். அவர் கேட்டா, ஆடு தின்டுட்டுண்டு செல்றன்.”

கோட்டுப் போட்ட மனிதர் கோம்பை மூட்டையைத் தோளில் சுமந்துகொண்டு ஒழுங்கையேறி வந்தார். பூசை விட்டு வந்தவர்கள் விலகி வழிவிட்டார்கள். சிலர் பொறாமையோடு பார்த்தார்கள். அவருடைய அப்பா தோட்டத்தில் கொழுந்து மூட்டை சுமந்தவர். மகன் பேனா பிடிக்க வேண்டும், மூட்டை பிடிக்கக் கூடாது என்று சொல்லிச் சொல்லியே செத்தவர். அந்தோனிமுத்து வழி நெடுக நிலத்தைப் பார்த்துக்கொண்டே நடந்தார்.

அந்த மூட்டையும் வீணாய்ப் போனது. அதற்குக் காரணம் பாண்.

மலைநாட்டில் பேக்கரிப் பாண் விற்கும் முச்சக்கர வண்டி ஒரு பாட்டுப் போட்டுக்கொண்டு வரும். அதைக் கேட்டதும் எந்த வீட்டிலும் ஆள் வெளியே ஓடி வரும். கம்பெனி அதை ஆராய்ந்து, குப்பை டிரக்டருக்கும் அதே பாட்டைப் பூட்டியிருந்தது. விளைவாக, ஜனங்கள் காசோடு டிரக்டரிடமும் குப்பையோடு பாண்காரனிடமும் ஓடிக்கொண்டிருந்தார்கள். திங்கட்கிழமை பாட்டுக் கேட்டதும் அந்தோனிமுத்து மூட்டையைத் தூக்கிக்கொண்டு ஓடினார். நின்றது பாண் வண்டி.

“மன்னிச்சுக்க தம்பி. நான் டிரக்டர்னு...”

“பரவால்லீங்க ஐயா, பின்னாடி வைங்க” என்றான் பாண்காரன் அலட்டிக்கொள்ளாமல். வண்டிக்குள்ளே பாண் தட்டுகள் இருந்த இடத்தில் குப்பைப் பைகள் அடுக்கியிருந்தன.

“பாண் எங்க?”

“அத விட்டுட்டேங்க. ஆளுங்க தானா கொண்டாந்து குடுத்தாங்க. நான் எதுக்கு வேணாங்கணும்? கம்பெனி இப்ப என்னய துணைச் சேகரிப்பாளரா எடுத்துக்கிச்சி. பாணுல என்னங்க இருக்கு, விடியக்காலைல எந்திரிச்சி அடுப்புல வேகணும்.”

அவர் பதில் சொல்வதற்குள் வண்டி, மூட்டையோடு, பாட்டுப் பாடிக்கொண்டு வளைவில் மறைந்தது. நிறை பாண்காரன் கணக்கில் ஏறியது. அந்த ஒழுங்கையில் அதன் பிறகு பாண் கிடைக்கவில்லை.

அந்தோனிமுத்து வீட்டுப் படியில் உட்கார்ந்தார். தோட்டத்தில் வேலைநிறுத்தம், மண்சரிவு, துரைமார் மாற்றம் எல்லாம் பார்த்தவர். ஒரு மூட்டைக் கோம்பைக்காக அழுகை வருமென்று எதிர்பார்த்திருக்கவில்லை.

“அப்பா, விடுங்க” என்றாள் அனற். “தகட்டப் பாத்துட்டு வேணாம்னு போறவங்கன்னா போகட்டும்.”

“ஒனக்குத் தெரியாது மகள். கேட்டுலதான் குடும்பம் இருக்கு.”

கடைசியில் கைகொடுத்தது நானாதான். அவருடைய சொந்தத்தில் ஒரு கலியாண வீடு. வந்தவர்களுக்கெல்லாம் தம்பிலி வெட்டிக் கொடுத்தார்களாம். மறுநாள் ஒரு சின்ன லொறி வந்து, அந்தோனிமுத்துவின் கேட்டை மறைத்து, ஆளுயரத்துக்குக் கோம்பையைக் கொட்டிவிட்டுப் போனது. றொட்னி வந்தான். பார்த்தான். தொப்பியைக் கழற்றினான். டிரக்டர் மூன்று தடவை வந்து போக வேண்டியிருந்தது.

மாலையில் சஞ்சயனே தொலைபேசியில் கூப்பிட்டார். குரல் தழுதழுத்தது.

“ஐயா, தங்கத் தகடு! வட்டாரத்திலையே நீங்கள்தான் முதல். வாற ஞாயிற்றுக்கிழமை விடிய உங்கட கேட்டடியிலையே விழா வைக்கிறம்.”

“ஞாயித்துக்கெழம வேணாம் தம்பி. பகலைக்கு எங்க வீட்டுக்கு ஆளுங்க வாராங்க.”

“பகலுக்கு முந்தியே முடிச்சுப்போடுவம். மேலிடத்து ஆக்களுக்கு அண்டைக்குத்தான் நேரம். தகடு வேணுமெண்டால் விழாவும் வேணும் ஐயா. அது ஒரே பொதி.”

விடிய என்று சொன்ன விழா, மேலிடத்து ஆட்கள் வராதபடியால் நடுப்பகல்வரை தொடங்கவில்லை. கேட்டுக்கு மேலே துணிப் பதாகை கட்டியிருந்தது: ‘எமது வட்டாரத்தின் அதிகூடிய கழிவுக் குடும்பம்.’ அதில் அந்தோனிமுத்து, பெற்றீசியா, அனற் மூன்று பேரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். கிறிஸ்மஸுக்கு எடுத்த படம். பிந்தி வந்த மாப்பிள்ளை வீட்டாரைத் திருப்பி அனுப்பியவருக்கு, பிந்தி வரும் அதிகாரிகளை என்ன செய்வதென்று தெரியவில்லை. பிளாஸ்டிக் கதிரையில், கழுத்தில் பிளாஸ்டிக் மாலையோடு, நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார்.

கடுகண்ணாவை வான் சொன்ன நேரத்துக்குச் சரியாக வந்து நின்றது. ஹாட்வெயார் கடை வைத்திருக்கும் லூக்காஸ் இறங்கினார். பின்னால் அவர் மனைவி, மகன். அதே நேரத்தில்தான் மேலிடத்து ஆட்களும் வந்து சேர, சஞ்சயன் ஒலிவாங்கியைப் பிடித்தார்.

“அன்பான மக்களே! இந்தக் குடும்பத்தைப் பாருங்கோ. ஒரு மாதத்துக்கு முந்தி இவையளிட்டை ஒரு பிடி குப்பை இல்லை. வெக்கத்திலை தலை குனிஞ்சு நிண்டவை. இண்டைக்கு? இந்த வீட்டிலை எதையும் மிச்சம் பிடிக்கிறேல்லை! எல்லாத்தையும் எறிஞ்சுபோடுவினம்! இப்பிடி வீட்டுக்கு வீடு எறிஞ்சால் எங்கட நிறுவனம் எங்கையோ போயிடும்! இந்த வீட்டுப் பிள்ளை நாளைக்கு எந்த வீட்டுக்கு மருமகளாய்ப் போனாலும், அந்த வீட்டிலையும் குப்பை குவியும் எண்டு நான் உறுதியாய்ச் சொல்லுறன்!”

எல்லோரும் கை தட்டினார்கள். லூக்காஸ் தட்டவில்லை. அவர் பதாகையை மேலிருந்து கீழ்வரை வாசித்தார். பிறகு மனைவியைப் பார்த்தார்.

றொட்னி சிவப்பைக் கழற்றித் தங்கத் தகட்டை அடித்து முடித்த கையோடு அந்தோனிமுத்து மாலையைக் கழற்றி மடித்துக்கொண்டு, வந்தவர்களை உள்ளே கூட்டிப்போனார். பெற்றீசியா கேக் வைத்தாள். லூக்காஸ் கேக்கைப் பார்த்தார், எடுக்கவில்லை.

“நாங்க கேள்விப்பட்டது வேற மாதிரிங்க” என்றார் கடைசியில். “பன்வில பெரிய கிளாக்கரு வீடு, ஒரு தேங்காச் செரட்டகூட வீணாப் போகாத வீடுன்னாங்க. அதக் கேட்டுத்தான் வந்தோம்.”

அந்தோனிமுத்து வாயைத் திறந்தார். குடும்பத்துக்காகத்தான் என்று சொல்ல வேண்டும். ஆனால் குடும்பத்துக்காக என்ன செய்தேன் என்று சொல்வது? பெற்றீசியாதான் சொன்னாள்.

“அது எங்க குப்ப இல்லீங்க.”

“பெற்றீசியா.”

“நீங்க சும்மா இருங்க. அம்புட்டும் நானா வீட்டுக் கலியாணக் கோம்பைங்க. எங்க வீட்டுல குப்ப இல்லன்னு செவப்புத் தகடு அடிச்சிட்டாங்க. அதப் பாத்து நீங்க தப்பா நெனச்சிருவீங்கன்னு, இந்த மனுசன் கோட்டப் போட்டுக்கிட்டு மூட்ட சொமந்தாரு. இதுதான் நடந்தது. கேக்கு எடுத்துக்கங்க.”

லூக்காஸின் மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று அனற் பயந்தாள். சிரிப்பு.

“நீங்களே சொல்லிருங்க” என்றாள் கணவரிடம்.

லூக்காஸ் தொண்டையைச் செருமினார். “எங்க ஊருலயும் இந்தக் கம்பெனிதாங்க. எங்க கேட்டுலயும் செவப்புத்தான். எங்க அப்பா காலத்துப் பழக்கம், ஒரு ஆணிய எறிய மாட்டோம். வளஞ்ச ஆணியக்கூட நிமித்தித்தான் விப்போம். பொண்ணு வீட்டுக்காரங்க வந்தா என்னா நெனைப்பாங்கன்னு, தகட்டு மேல மாதா படம் ஒண்ண ஒட்டி மறச்சோம். இப்ப ரோட்டால போறவங்க எல்லாம் நின்னு மெழுகுவத்தி ஏத்திட்டுப் போறாங்க. உருகுன மெழுக கம்பெனிக்காரங்க வந்து சொரண்டி, நிறுத்து எடுத்துக்கிட்டுப் போறாங்க.”

முதலில் சிரித்தது அனற். பிறகு மாப்பிள்ளைப் பையன். அந்தோனிமுத்து சிரிக்கவில்லை, ஆனால் ஒரு துண்டுக் கேக்கை எடுத்து, லூக்காஸின் தட்டில் தன் கையாலேயே வைத்தார். அந்த வீட்டில் அதற்கு என்ன அர்த்தம் என்று பெற்றீசியாவுக்குத் தெரியும். அவள் தேநீர் ஊற்ற எழுந்தாள்.

வெளியே குளிர்பானம் குடித்துக்கொண்டிருந்த சஞ்சயனுக்குச் சம்பந்தம் கூடிவந்த விஷயம் எப்படியோ எட்டிவிட்டது. செருப்பைக் கழற்றிவிட்டு, கைகூப்பிக்கொண்டு உள்ளே வந்தார்.

“நல்ல செய்தி கேள்விப்பட்டன் ஐயா. வாழ்த்துக்கள். கலியாணத்துக்கு எவ்வளவு எதிர்பாக்கலாம்? கிட்டத்தட்டச் சொன்னால் போதும். நான் அடுத்த காலாண்டுக் கணக்கிலை சேத்துவிடுவன்.”

அந்தோனிமுத்து எழுந்தார். முழங்கால் நொந்தது. முதுகை நிமிர்த்த இந்த முறை சற்று நேரம் பிடித்தது, ஆனால் நிமிர்த்தினார்.

“தம்பி, சாப்பாடு வாழையிலைல. இல பூரா மாட்டுக்கு. மிஞ்சுன சோறு கோழிக்கு. பந்தக் கம்பு வாடகைக்கு எடுத்தது, திரும்பிப் போயிரும். பூ கோயிலுக்கு. ஒங்களுக்கு ஒண்ணும் கெடைக்காது.”

சஞ்சயனின் முகம் விழுந்தது. “ஐயா, அப்பிடியெண்டால் தங்கத் தகடு வைச்சிருக்கேலாது. சிவப்புத்தான் திரும்பவும் அடிக்க வேண்டி வரும்.”

“அடிங்க.”

“இண்டைக்கேவோ? இத்தினை ஆக்கள் நிக்கினம்...”

“இன்னைக்கே. வந்தவங்க இருக்கும்போதே.”

தங்கத் தகடு கழன்று வந்தது. கம்பெனி விதிப்படி அதைத் திருப்பி எடுக்க அவர்கள் தேடியபோது காணவில்லை. பெற்றீசியா அதை வாழையடிக் குழிக்கு மூடியாக வைத்திருந்தாள். கோழி கிளறாமல் இருக்க அளவாகத்தான் இருந்தது.

றொட்னி சிவப்புத் தகட்டோடும் சுத்தியலோடும் கேட்டடிக்கு வந்தான். அந்தோனிமுத்து அவனை நிறுத்தினார். உள்ளே போய், அலுமாரியிலிருந்து மட்டம் பார்க்கும் நீர்மட்டக் கட்டையை எடுத்துக்கொண்டு வந்து தகட்டின் மேல் வைத்தார். லூக்காஸ் தன் சட்டைப் பையிலிருந்து, நிமிர்த்திய பழைய ஆணிகள் நாலை எடுத்து நீட்டினார். மாப்பிள்ளைப் பையன் ஒரு முனையைப் பிடித்தான்.

அந்தோனிமுத்து ஒழுங்கையின் மறுகரைவரை பின்னால் போய், ஒரு கண்ணை மூடிப் பார்த்தார். மேலே பித்தளைப் பெயர். கீழே சிவப்புத் தகடு.

“எடது பக்கம்” என்றார். “இன்னும் ஒரு நூல் ஒசத்துங்க. போன தடவ கோணலா அடிச்சிட்டீங்க.”